மகன் எடிட்டிங் படிக்கப் போகிறேன் என்கிறானா?

அன்புள்ள அம்மா,

உயர்தரப் பரீட்சை முடிந்த கையோடு மகன் எடிட்டிங்தான், அதாவது படத்தொகுப்புத்தான் படிப்பேன் என்று ஒற்றைக்காலில் நிற்கிறான், இதை நம்பிச் சீவிக்க முடியுமா என்று கேட்டிருந்தீர்கள். முடியும். ஆனால் யாழ்ப்பாணத்தில் இருந்துகொண்டு, சினிமாவை மட்டும் நம்பி முடியாது.

இங்கே இப்போதைக்குச் சோறு போடுவது கலியாண வீடும் சாமத்திய வீடும்தான். அதைக் குறைவாக நினைக்காதீர்கள், நல்ல பயிற்சி அது. தாலி கட்டும்போது இரண்டு மூன்று கமரா ஓடும். மாப்பிள்ளையின் கையிலிருந்து பெண்ணின் தாயுடைய முகத்துக்கு எப்போது மாறுவது? முடிச்சு விழுந்த பிறகா, விழும்போதேயா? சினிமாவில் ஒரு வினாடிக்கு 24 பிரேம், அதாவது 24 தனிப்படங்கள். ஐந்தாறு பிரேம் பிந்தினாலே அந்தத் தாயின் கண்ணீர் நம் மனதில் ஒட்டாது. இந்தக் கணக்கு தம்பியின் கண்ணுக்குப் பிடிபடுகிறதா என்று பாருங்கள். மென்பொருளைப் பிறகு பழகலாம். டாவின்சி ரிசால்வ் என்ற எடிட்டிங் மென்பொருள் இலவசமாகவே கிடைக்கிறது. அதற்குள் நகையை அடகு வைத்துப் பெரிய கணினி வாங்க வேண்டாம்.

சினிமா என்றால் கொழும்புதான். இலங்கையில் வருகிற படங்களில் பெரும்பாலானவை சிங்களப் படங்கள். அதனால் வேறு எதைப் படிக்காவிட்டாலும் தம்பி சிங்களம் படிக்கட்டும். கடைக்குப் போய்வரும் அளவு போதாது. ஒரே வசனத்தை நடிகர் நாலு தடவை சொல்லியிருப்பார். எந்தத் தடவை குரல் உண்மையாக இடறியது என்று காதால் பிரித்தெடுக்க வேண்டும். தர்மசேன பத்திராஜ சிங்கள இயக்குநர். அவர் யாழ்ப்பாணம் வந்து 1977இல் 'பொன்மணி'யைத் தமிழில் எடுத்தார். நம் பிள்ளைகள் ஏன் அந்தப் பக்கம் போய் வேலை செய்யக்கூடாது?

இன்னொருவரையும் சொல்ல வேண்டும். 'கம்பெரலிய' என்ற சிங்களப் படத்தைத் தொகுத்தவர் சுமித்ரா பீரிஸ் என்ற பெண். 1978இல் அவரே இயக்குநரானார். மகளுக்கு இந்த ஆசை வந்திருந்தாலும் உங்களுக்கு இதையேதான் எழுதியிருப்பேன்.

தொடக்கம் உதவியாளர் வேலைதான். படத்தையும் ஒலியையும் பொருத்துவது, கோப்புகளுக்குப் பெயரிடுவது, எல்லாவற்றையும் இரண்டு ஹார்ட் டிஸ்கில் பத்திரப்படுத்துவது. சலிப்பாக இருக்கும், இரவு பகல் பாராது. ஒவ்வொரு படத்துக்கும் தனித்தனியாகத்தான் கூலி, இடையில் மாதக்கணக்கில் வெறுமையாகவும் போகும். அதனால் பெறுபேறு வந்து பல்கலைக்கழக அனுமதி கிடைத்தால் அதை விட வேண்டாம். யாழ்ப்பாணப் பல்கலைக்கழகத்தில் ஊடகக் கற்கையும் இருக்கிறது. பட்டமும் படிக்கலாம், விடுமுறையில் ஸ்டூடியோவிலும் இருக்கலாம். லட்சக்கணக்கில் கட்டி வாங்கும் குறுகியகாலச் சான்றிதழுக்கு அவசரப்படாதீர்கள். எடிட் அறையில் யாரும் அதைக் கேட்பதில்லை, வெட்டிய காட்சியைத்தான் கேட்பார்கள்.

பெறுபேறு வரும்வரை கிடக்கிற மாதங்களில் ஒரு வேலை கொடுங்கள். அம்மம்மாவை அரை மணி நேரம் பேசவிட்டு போனில் படம் பிடிக்கட்டும். அதை மூன்று நிமிடமாக்கி, அவரை அறியாத ஒருவருக்குப் போட்டுக் காட்டட்டும். அந்த ஆள் எந்த இடத்தில் போனை எடுத்துப் பார்க்கிறார் என்று தம்பி குறித்துக்கொண்டு, அந்த இடத்தை மறுபடி வெட்டட்டும். இரண்டு வெட்டையும் எடுத்துக்கொண்டு இருவருமாக வாருங்கள், மிச்சத்தைப் பேசுவோம்.