கனவில் வந்த அம்மா கண் விழித்ததும் ஏன் மறந்துபோகிறார்?

"அக்கா, நான் திருகோணமலைப் பாலையூற்றில் இருக்கிறேன். போன ஆடியில் அம்மா தவறிப்போனார். கன்னியா வெந்நீர்க் கிணற்றடியில் அந்தியேட்டிக் கிரியையும் செய்து முடித்தோம். கிழமையில் இரண்டு மூன்று நாள் கனவில் வந்து பேசுகிறார், ஆனால் எழும்பி முகம் கழுவுவதற்குள் என்ன சொன்னார் என்பது அடியோடு போய்விடுகிறது. சில நாள் கடல் வீட்டுக்குள் வருகிறது, அம்மா வாசலில் நிற்கிறார், அந்தக் கனவு மட்டும் நாள் முழுக்க மறக்காது. படுக்கப் பதினொன்றரை ஆகும், பிள்ளைகளுக்குச் சமைக்க 4.30க்கு அலாரம் வைத்திருக்கிறேன், அடித்ததும் போனை எடுத்துக்கொண்டே எழும்புவேன். எனக்கு மறதி வியாதியா? அம்மா சொல்வதைப் பிடித்து வைக்க வழி உண்டா? பக்கத்து வீட்டு ஆச்சி, அம்மாவுக்கு ஏதோ குறை இருக்கிறது என்கிறார்."

தங்கச்சி, இது வியாதி இல்லை. கனவையும் நினைவையும் ஆய்வு செய்வதுதான் என் வேலை, எனக்கும் எழும்பியதும் கனவு போய்விடும்.

நாங்கள் தூங்கும்போது ஏறத்தாழ 90 நிமிடத்துக்கு ஒருமுறை, மூடிய இமைக்குள் கண் வேகமாக அசைகிற ஒரு கட்டம் வரும், அதை ரெம் தூக்கம் என்போம். 1953இல் சிகாகோ பல்கலைக்கழகத்தில் யூஜின் அசெரின்ஸ்கியும் நத்தானியேல் கிளைட்மனும் இதைக் கண்டு எழுதினார்கள். அந்த நேரத்தில் ஆளை எழுப்பிக் கேட்டால், பெரும்பாலானோர் ஒரு கனவைச் சொல்லிவிடுவார்கள், கனவே காண்பதில்லை என்று சாதிப்பவர்கள் உட்பட. ஆக, கனவு எல்லோருக்கும் வருகிறது, பதிவாவதுதான் சிக்கல். விழித்திருக்கும்போது ஒரு விஷயத்தை மனதில் பதிய வைக்கத் துணை செய்கிற நோர்அட்ரினலின் என்ற இரசாயனம் ரெம் நேரத்தில் மூளையில் மிகவும் குறைந்துவிடும். ஈர மணலில் எழுதியது போலத்தான் கனவு, விழித்த முதல் ஒன்றிரண்டு நிமிடத்துக்குள் அதைத் திரும்ப ஓட்டிப் பார்க்காவிட்டால் அடுத்த அலை அழித்துவிடும். உங்களுக்கு அந்த அலை போனில் காத்திருக்கும் வாட்ஸ்அப் செய்திகள்.

கடல் கனவு ஏன் நிற்கிறது என்றும் இதிலிருந்தே விளங்கும். அது நெஞ்சு படபடக்க நடுவிலேயே உங்களை முழுதாக எழுப்பிவிடுகிறது, பயந்தபடி அதையே நினைத்துக்கொண்டு கிடக்கிறீர்கள், பதிந்துவிடுகிறது. பிரான்சின் லியோன் நகரில் நடந்த ஓர் ஆய்விலும், கனவை அடிக்கடி நினைவில் வைத்திருப்பவர்கள் இரவில் இடையிடையே விழித்திருக்கும் நேரம் மற்றவர்களைவிட ஏறத்தாழ இரண்டு மடங்காக இருந்தது.

சரி, செய்ய வேண்டியது. தலைமாட்டில் ஒரு கொப்பியும் பேனையும் வையுங்கள், போனை எட்டாத தூரத்தில் வையுங்கள். கண் விழித்ததும் அசையாதீர்கள், புரண்டுகூடப் படுக்க வேண்டாம், கண்ணைத் திறக்கவும் வேண்டாம். முதலில் மனதில் இருப்பது சந்தோஷமா, ஏக்கமா, பயமா என்று மட்டும் பாருங்கள், அதைப் பிடித்துக்கொண்டு கடைசியாகக் கண்ட காட்சிக்குப் போய், அங்கிருந்து பின்னோக்கி நடங்கள். அப்புறம் எழுதுங்கள், முழு வசனம் தேவையில்லை, "அம்மா, கிணற்றடி, நீலச் சேலை" என்றால் போதும். ஒன்றும் வராத நாளில் "ஒன்றும் இல்லை" என்று எழுதி வையுங்கள், அந்தப் பழக்கம்தான் சில கிழமைகளில் பலன் தரும். இன்னொன்று, எழுதுவதற்கு முன் ஒருவருக்கும் கனவைச் சொல்லாதீர்கள். சொல்லும்போது விட்டுப்போன இடங்களை நாங்களே அறியாமல் நிரப்பிவிடுவோம், பிறகு நிரப்பியதுதான் ஞாபகம் இருக்கும்.

ரெம் கட்டம் விடியப்போகிற நேரத்தில்தான் நீளும். ஐந்து மணி நேரம் தூங்குகிற உங்களுக்கு அந்தப் பெரிய துண்டு கிடைப்பதே இல்லை. கிழமை நாளில் அரை மணித்தியாலமாவது முந்திப் படுக்கப் பாருங்கள், போயா (பௌர்ணமி) லீவிலும் ஞாயிறிலும் அலாரத்தை நிறுத்திவிடுங்கள், சமையலை அன்றைக்கு வேறு யாராவது பார்க்கட்டும்.

கடல் கனவை எழுதி வைக்க வேண்டாம், மாற்றி எழுதுங்கள். 2004 டிசம்பர் 26 சுனாமியைக் கண்ட எங்கள் கரையில் இந்தக் கனவு பலருக்கு உண்டு. பகலில் ஒரு பத்து நிமிடம் உட்கார்ந்து, கடல் வாசல்படியோடு திரும்பிப் போகிறது, அம்மா உள்ளே வந்து தேத்தண்ணீர் கேட்கிறார் என்று உங்களுக்குப் பிடித்த முடிவை வைத்து, அதையே தினமும் மனதில் ஓட்டிப் பாருங்கள். கெட்ட கனவுக்கு வைத்தியர்களே சொல்லிக்கொடுக்கிற முறை இது. அதற்கும் அடங்காமல் தூங்கவே பயமாக இருந்தாலோ, பகல் வேலை கெட்டாலோ மனநல வைத்தியரைப் பாருங்கள். பிரஷருக்குக் கொடுக்கும் சில மாத்திரைகளும் கெட்ட கனவு தரும், அப்படிச் சந்தேகம் வந்தால் நீங்களாக நிறுத்தாமல் கிளினிக்கில் கேளுங்கள்.

ஆச்சி சொன்னதற்கு வருகிறேன். இராவணன் தன் தாய்க்குக் கிரியை செய்த இடம் என்று எங்கள் ஊர் சொல்லும் கன்னியாவில் நீங்களும் உங்கள் தாய்க்குச் செய்துவிட்டீர்கள், மனம் கேட்டால் கோவிலில் விளக்கும் ஏற்றுங்கள், அதை நான் தடுக்க மாட்டேன். ஆனால் கனவில் அம்மா பேசும் பேச்சு, உங்கள் மூளை அவரைப் பற்றிச் சேர்த்து வைத்திருப்பதிலிருந்து கட்டுவது. குரல் அச்சாக அவருடையதாக இருக்கும், அதற்காகக் கனவில் சொன்னார் என்று காணி, நகை விஷயத்தில் முடிவெடுக்காதீர்கள். குறை வைத்தேனோ என்று உங்களை வருத்தவும் வேண்டாம்.

அதனால் கொப்பியில் இடது பக்கம் கனவு, வலது பக்கம் அம்மா உண்மையில் சொன்னது, செய்தது என்று பிரித்து எழுதுங்கள், இல்லாவிட்டால் காலப்போக்கில் இரண்டும் கலந்துவிடும். கனவு வரும்வரை காத்திருக்க வேண்டாம். அம்மா உங்களை வீட்டில் என்ன பெயர் சொல்லிக் கூப்பிட்டார் என்று இன்றைக்கே வலது பக்கத்தில் எழுதிவிட்டுப் படுங்கள்.