ஒசெய் டுட்டு: போருக்குப் பிறகும் கூட்டணி எப்படி நிலைத்தது?

வணக்கம். இன்றைய கானாவில் அசாந்தே அரசை நிறுவிய மன்னர் ஒசெய் டுட்டு பற்றி நீங்கள் எழுதும் கட்டுரைக்காக, 1701இல் ஃபெயியாசே என்ற இடத்தில் டென்கிரா அரசைத் தோற்கடித்த பிறகு, அவருடைய கூட்டாளி அரசுகள் ஏன் பிரிந்து போகவில்லை என்று கேட்டிருந்தீர்கள். கட்டுரை அங்கேயே நிற்கிறது என்றும் எழுதியிருந்தீர்கள். உண்மையில் கதையின் உயிரே அந்தக் கேள்வியில்தான் இருக்கிறது.

துப்பாக்கியையும் தங்க வணிகத்தையும் ஒரு பத்தியில் முடித்துவிடுங்கள். அசாந்தே அரசின் புனிதச் சின்னமான தங்க ஆசனத்துக்கு அதிக இடம் கொடுங்கள். பூசாரி ஒகொம்ஃபோ அனோக்கியே அதை வானத்திலிருந்து வரவழைத்தார், அது ஒசெய் டுட்டுவின் மடியில் வந்து இறங்கியது என்பது மரபு. அசாந்தே மக்கள் அனைவரின் ஆன்மாவும் அதில் குடியிருப்பதாக நம்பினார்கள். அதனால் அதில் மன்னர்கூட உட்காருவதில்லை. கவனியுங்கள், விசுவாசம் ஒரு மனிதருக்கல்ல, ஆசனத்துக்கு. 1717இல் அக்கியெம் அரசுக்கு எதிரான போரில் ஒசெய் டுட்டு இறந்தும் அரசு உடையாததற்கு இது ஒரு பெரிய காரணம் என்பேன். அடுத்து வந்த மன்னர் ஒபோகு வாரே அரசை இன்னும் விரிவாக்கினார்.

அப்புறம், ஒவ்வொரு கூட்டாளி அரசும் தன் பழைய பூர்வீகக் கதையைப் பேசத் தடை வந்தது. ஆண்டுதோறும் ஒட்விரா விழாவுக்குத் தலைவர்கள் தலைநகர் குமாசியில் கூடி விசுவாசத்தைப் புதுப்பித்தார்கள். படையில் வலம், இடம், முன்னணி என அவரவருக்கு நிலையான இடமும் இருந்தது. கூட்டாளி அரசுகளில் ஒன்றான மாம்போங்கின் தலைவருக்கு வெள்ளி ஆசனமே கிடைத்தது, மன்னருக்கு அடுத்த மரியாதை அது.

இளமையில் ஒசெய் டுட்டு டென்கிரா அரண்மனையிலும் அக்வாமு என்ற இன்னொரு அரசிலும் வாழ்ந்தவர். ஆட்சி நுணுக்கங்களை அங்கேதான் கற்றார். முடிந்தால் கட்டுரையை அங்கிருந்தே தொடங்குங்கள்.