அடுப்பில் வைக்காமல் பழ ஜாம் செய்ய முடியுமா? வெளியே வைத்தால் கெடாதா?

தாராளமாகச் செய்யலாம். கத்திரி வெயிலில் அடுப்படியில் நின்று வேர்த்து விறுவிறுத்துப் போகும் நம் ஊருக்கு இதைவிடத் தோதான ஜாம் வேறு இல்லை. ஆனால் வெளியே வைத்தால் கெடும், கட்டாயம் கெடும். இந்த இரண்டு பதிலையும் சேர்த்தே மனதில் வைத்துக்கொள்ளுங்கள்.

கடை ஜாம் மாதக்கணக்கில் அலமாரியில் இருக்கக் காரணம் கொதியும் சர்க்கரையும்தான். பழத்தையும் சர்க்கரையையும் 104, 105 டிகிரி செல்சியஸ் வரை காய்ச்சித் தண்ணீரை வற்றவைக்கிறார்கள். நம் நாட்டு உணவுப் பாதுகாப்பு விதிப்படி, ஜாம் என்று லேபிள் ஒட்ட வேண்டுமானால் அதில் கரைந்த திடப்பொருள் குறைந்தது 65 சதவீதம் இருக்க வேண்டும். அதில் பெரும்பகுதி சர்க்கரை. அந்தச் சர்க்கரை தண்ணீரையெல்லாம் தன்னோடு பிடித்துவைத்துக்கொள்வதால் கிருமி வளர வழியில்லை. காய்ச்சாத ஜாமில் பழம் பச்சையாகவே இருக்கிறது, சர்க்கரையும் பெரும்பாலும் குறைவு. அதைக் காப்பாற்றுவது ஃப்ரீசரின் குளிர் மட்டும்தான். குளிர் கிருமியைக் கொல்லாது, வளரவிடாமல் நிறுத்திவைக்கும். வெளியே எடுத்த நிமிடத்திலிருந்து அது மறுபடி வேலையைத் தொடங்கிவிடும்.

அப்படியானால் இவ்வளவு மெனக்கெட்டு ஏன் செய்ய வேண்டும்? ருசிக்காகத்தான். நல்ல பங்கனப்பள்ளியின் காம்புப் பக்கத்தை மூக்கருகே கொண்டுபோனால் ஒரு வாசனை வரும் இல்லையா, அரை மணி நேரம் கொதிக்கவிட்டால் அதில் பாதி ஆவியோடு போய்விடும். மிஞ்சுவது அல்வா வாசனை. அதுவும் நன்றாகத்தான் இருக்கும், ஆனால் மாம்பழம் என்று சொல்ல முடியாது. காய்ச்சாத ஜாமை டிசம்பர் மாதம் எடுத்து பன்னில் தடவினாலும் மே மாதத்து மாம்பழமாகவே இருக்கிறது. நிறமும் மங்காது. எங்கள் வீடு வடசென்னையில், தண்டையார்பேட்டையில், மொட்டை மாடிக்கு நேர் கீழே உள்ள மாடியில். பகல் பன்னிரண்டு மணிக்கு மேல் அடுப்படியில் கால் வைக்க முடியாது. அதனால் இந்த முறை எனக்கு இரட்டிப்பு லாபம்.

இனி பழம். இதில்தான் ஜாமின் முக்கால்வாசி இருக்கிறது, அதனால் கொஞ்சம் விரிவாகவே சொல்கிறேன்.

வெளிநாட்டுக் குறிப்புகள் எல்லாம் ஸ்ட்ராபெரியில் தொடங்கும். அங்கே அது கோடைப் பழம். நமக்கு ஊட்டியிலிருந்தும் மகாபலேஷ்வரிலிருந்தும் குளிர்காலத்தில் வருவது, விலையும் அதிகம். கோடையில் அதைத் தேடி அலையாதீர்கள். நம் கோடைக்கு மாம்பழம். பங்கனப்பள்ளியில் நார் கிடையாது, சதை அதிகம், நிறம் கண்ணைப் பறிக்கும், விலையும் கட்டுப்படியாகும். முதல்முறை செய்பவர்கள் அதையே எடுங்கள். ருமானி சாறு மிகுந்தது, அதை மட்டும் வைத்துச் செய்தால் ஜாம் தளர்ந்துவிடும். பங்கனப்பள்ளியோடு கால் பங்கு சேர்த்தால் வாசனை தூக்கலாக இருக்கும். நார் உள்ள ரசாலு வகைகளை வடிகட்டாமல் போடக் கூடாது. இமாம்பசந்தைப் பிசைந்து ஜாம் ஆக்குவதற்கு எனக்கு மனம் வராது, அதை அப்படியே சாப்பிட்டுவிடுங்கள். நீலம் கடைசியில் வரும், ஆடி வரைக்கும்கூடக் கிடைக்கும், மணமும் அபாரம். ஆனால் கொட்டைக்குள் வண்டு இருக்க வாய்ப்பு உண்டு, ஒவ்வொன்றையும் வெட்டிப் பார்த்துப் போடுங்கள்.

ராயபுரம் கல்மண்டபம் மார்க்கெட்டில் நான் வாடிக்கையாக வாங்கும் ஆயாவிடம் "ஜாமுக்கு வேணும் ஆயா" என்று சொன்னால் போதும், "கை வச்சா அமுங்கணும், ஆனா ஒழுகக் கூடாது, அதானே கண்ணு?" என்று அவரே பொறுக்கி வைத்துவிடுவார். அளவுகோல் அதுதான். அழுகலுக்கு முந்தைய பழத்தை மலிவாக வாங்கி ஜாம் போடும் பழக்கம் நம்மிடம் உண்டு. காய்ச்சுகிற ஜாமில் அது ஒருவேளை ஒத்துவரும். இதில் கூடவே கூடாது, கிருமியை அடக்க நெருப்பு இல்லை. அதேபோல் தோல் முழுக்க ஒரே மஞ்சளாக இருந்து, முகர்ந்தால் வாசனையே இல்லாத பழத்தை விட்டுவிடுங்கள். கால்சியம் கார்பைடு கல் வைத்துப் பழுக்கவைப்பது சட்டப்படி தடை செய்யப்பட்டது, ஆனாலும் நடக்கிறது. அந்தப் பழம் வெளியே பழுத்து உள்ளே புளித்துக் கிடக்கும்.

ஆனி ஆடியில் தள்ளுவண்டியில் நாவல்பழம் வரும்போது அதையும் ஒருமுறை முயன்று பாருங்கள். கொட்டையிலிருந்து சதையைக் கையால் உருவி எடுப்பதற்குள் விரலெல்லாம் ஊதா ஆகிவிடும், பொறுமை வேண்டும். ஆனால் அந்தத் துவர்ப்பும் புளிப்பும் சர்க்கரையோடு சேரும்போது கிடைக்கும் ருசியைக் கடையில் வாங்க முடியாது. நீலகிரி, கொடைக்கானல் பக்கத்து பிளம்ஸ் இதற்கென்றே படைத்தது போல இருக்கும், தோலோடு நறுக்கிப் போடலாம். தர்ப்பூசணி, முலாம்பழம், நுங்கு இவற்றை வைத்து முயல வேண்டாம், வெறும் தண்ணீர்.

பழத்தைக் கழுவும் தண்ணீரிலும் கவனம் வேண்டும். எங்கள் பக்கம் லாரித் தண்ணீர், குழாய்த் தண்ணீர், கேன் தண்ணீர் என்று மூன்றும் புழங்குகிறது. பழத்தைக் குழாயில் நன்றாகத் தேய்த்துக் கழுவிய பிறகு, கடைசி அலசலுக்குக் கொதித்து ஆறிய தண்ணீர் அல்லது கேன் தண்ணீர் எடுங்கள். கத்தி, பலகை, பாத்திரம், கை எல்லாவற்றுக்கும் இதே கவனம். பச்சையாகச் சாப்பிடப்போகும் பொருள் இது.

பழத்தை மிக்ஸியில் போடாதீர்கள். கூழாகி, காற்று புகுந்து, நுரை தட்டிவிடும். அகலமான பாத்திரத்தில் ஒரு அடுக்கு பழம் போட்டுப் பருப்பு மத்தால் நசுக்குங்கள், அதை வழித்துவிட்டு அடுத்த அடுக்கு. அங்கங்கே சின்னத் துண்டுகள் தட்டுப்பட வேண்டும்.

அடுத்து, ஜாமைக் கெட்டியாக்கும் பெக்டின். இது பழங்களிலேயே இருக்கும் நார்ப்பொருள். வழக்கமான பெக்டின் இறுக மூன்று வேண்டும்: நிறைய சர்க்கரை, போதுமான புளிப்பு, சூடு. சூடே இல்லாமல் இறுகுவதற்கென்று தனி வகை இருக்கிறது, பாக்கெட்டில் இன்ஸ்டன்ட் என்றோ ஃப்ரீசர் ஜாம் பெக்டின் என்றோ போட்டிருக்கும். ஆன்லைனில் தேடினால் கிடைக்கும். அதற்கு அளவு இதுதான்: சர்க்கரை முக்கால் கப்புக்குச் சற்றுக் குறைவாக, அதாவது ஒரு கப்பில் மூன்றில் இரண்டு பங்கு. பெக்டின் 2 மேசைக்கரண்டி. நசுக்கிய பழம் ஒன்றே முக்கால் கப்புக்குச் சற்றுக் குறைவாக, அதாவது ஒரு கப்பும் இன்னொரு கப்பில் மூன்றில் இரண்டு பங்கும். கப் என்பது 240 மில்லி. சர்க்கரையையும் பெக்டினையும் முதலில் உலர்வாகக் கலந்துவிடுங்கள், தனியாகப் போட்டால் பெக்டின் கட்டி கட்டியாக நிற்கும். பழத்தைச் சேர்த்து மூன்று நிமிடம் விடாமல் கிளறுங்கள். சர்க்கரை கரைந்ததா என்று ஒரு துளி நாக்கில் வைத்துப் பாருங்கள், நறநறவென்றால் இன்னும் கிளற வேண்டும். பிறகு டப்பாவில் ஊற்றி அரை மணி நேரம் அப்படியே விடுங்கள்.

பழுத்த மாம்பழத்தில் புளிப்பு போதாது. இந்த அளவுக்கு ஒரு மேசைக்கரண்டி எலுமிச்சைச் சாறு சேருங்கள். எனக்குப் பிடித்தது, பழத்தில் ஒரு பங்காக அரைப்பழமான கிளிமூக்கு மாங்காயைத் துருவிச் சேர்ப்பது. புளிப்போடு மாங்காய் வாசனையும் வந்துவிடும்.

பாரிமுனைப் பக்கம் பேக்கிங் சாமான் கடைகளில் பெக்டின் என்று கேட்டால் பெரும்பாலும் கொடுப்பது வழக்கமான தூள். அதுதான் கையில் இருக்கிறது என்றால் அதற்கும் வழி உண்டு. 2 கப் நசுக்கிய பழத்தோடு 4 கப் சர்க்கரையும் 2 மேசைக்கரண்டி எலுமிச்சைச் சாறும் கலந்து பத்து நிமிடம் வையுங்கள். முக்கால் கப் தண்ணீரில் பெக்டினைக் கரைத்து, அதை மட்டும் ஒரு நிமிடம் கொதிக்கவைத்துப் பழத்தில் ஊற்றி மூன்று நிமிடம் கிளறுங்கள். பழம் அடுப்பைப் பார்க்காது. தூளில் எவ்வளவு போடுவது என்பதற்குப் பாக்கெட்டில் உள்ளபடி செய்யுங்கள், சிலதில் டெக்ஸ்ட்ரோஸ் என்ற சர்க்கரை கலந்திருக்கும், சிலது சுத்த பெக்டின். இவ்வளவு சர்க்கரையா என்று மலைத்துப் பாதியாகக் குறைத்தால் இந்த வகை இறுகவே இறுகாது. சர்க்கரை குறைவாக வேண்டுமானால் இன்ஸ்டன்ட் வகைக்குப் போய்விடுங்கள்.

பெக்டினுக்குப் பதில் கடல்பாசி போடலாமா என்று எங்கள் பக்கத்து வீட்டு அக்கா கேட்டார். நோன்பு மாதத்தில் மண்ணடி, ராயபுரம் வீடுகளில் கடல்பாசி செய்யாத நாள் குறைவு, அதனால் அந்த யோசனை வருவது இயல்புதான். ஆனால் கடல்பாசி கரையக் கொதி வேண்டும். ஃப்ரீசரில் வைத்து எடுத்தால் கட்டி உடைந்து தண்ணீர் தனியாகப் பிரிந்து நிற்கும். ஜெலட்டினை அன்னாசி, பப்பாளியோடு பச்சையாகச் சேர்க்கவே முடியாது, அந்தப் பழங்களில் உள்ள நொதி அதைக் கரைத்துவிடும். பெக்டினுக்கு அந்தப் பிரச்சினை இல்லை. எதுவுமே கிடைக்கவில்லை என்றால் சியா விதை இருக்கிறது: ஒரு கப் நசுக்கிய பழத்துக்கு 2 மேசைக்கரண்டி, சர்க்கரை உங்கள் நாக்குக்கு ஏற்றபடி. அரை மணியில் கெட்டியாகிவிடும். சப்ஜா அப்படிச் சேர்ந்து வராது, முத்து முத்தாகத் தனியே நிற்கும்.

இப்போது நான் அழுத்திச் சொல்ல நினைக்கும் இடம். வழக்கமான பெக்டின் போட்டுச் செய்யும் வெளிநாட்டுக் குறிப்புகளில், இறுகுவதற்காக 24 மணி நேரம் அறை வெப்பநிலையில் வைக்கச் சொல்லியிருப்பார்கள். அவர்கள் அறை வேறு, நம் அறை வேறு. மே மாதம் வடசென்னையில் ஃபேன் காற்றே அனலாக அடிக்கிறது. ஒரு நாள் முழுக்க வெளியே வைத்தால் மூடியைத் திறக்கும்போது புஸ்ஸென்று காற்று வரும், கள்ளு வாடை அடிக்கும். அரை மணி, மிஞ்சிப்போனால் ஒரு மணி நேரம் வெளியே வைத்துவிட்டு ஃப்ரிட்ஜின் கீழ்த்தட்டுக்கு மாற்றுங்கள். அங்கேயே மெதுவாக இறுகட்டும். மறுநாள் ஃப்ரீசருக்கு ஏற்றுங்கள். கொஞ்சம் தளர்வாக இருந்தாலும் பரவாயில்லை, கடை ஜாம் மாதிரி வெட்டி எடுக்கும் பதம் இதில் எப்போதும் வராது.

டப்பா சிறியதாக இருக்கட்டும், நாலைந்து நாளில் தீர்ந்துவிடும் அளவு. பழைய ஊறுகாய் பாட்டிலில் ஊற்றி ஃப்ரீசரில் வைக்காதீர்கள். உறையும்போது ஜாம் விரியும், கழுத்து குறுகிய கண்ணாடி விரிசல் விட்டுவிடும். வாய் அகன்ற பிளாஸ்டிக் டப்பாவில் மேலே அரை அங்குலம் விட்டு நிரப்புங்கள். தேதியை எழுதி ஒட்டுங்கள்.

மைனஸ் 18 டிகிரி நிற்கும் நல்ல ஃப்ரீசரில் ஒரு வருடம் வரை தாங்கும். சிங்கிள் டோர் ஃப்ரிட்ஜின் மேல்பெட்டியில் அந்தக் குளிரை நம்ப முடியாது, இரண்டு மாதத்துக்குள் முடித்துவிடுங்கள். சாப்பிடுவதற்கு முந்தைய இரவு கீழ்த்தட்டில் இறக்கிவைத்தால் காலையில் கரண்டிக்கு வரும். இறக்கியதைப் பொதுவாக மூன்று வாரம் வைக்கலாம் என்பார்கள். நிமிடத்துக்கு ஒருமுறை ஃப்ரிட்ஜைத் திறக்கும் வீடுகளில் இரண்டு வாரம்தான் என்று வைத்துக்கொள்ளுங்கள். ஈரக்கரண்டி வேண்டாம்.

கரண்ட் போனால்? ஃப்ரீசரைத் திறக்காதீர்கள். தனியாகக் கதவுள்ள, நிறையப் பொருள் அடைத்த ஃப்ரீசர் இரண்டு நாள்கூடக் குளிரைப் பிடித்துக்கொள்ளும், சிங்கிள் டோரின் சின்னப் பெட்டி சில மணி நேரம்தான். 2023 டிசம்பரில் மிக்ஜாம் புயலின்போது இங்கே பல தெருக்களில் நாள்கணக்கில் மின்சாரம் இல்லை. அந்த மாதிரி நேரத்தில் கணக்குப் பார்க்க வேண்டாம். உருகியும் இன்னும் சில்லென்று இருந்தால் அக்கம்பக்கத்துப் பிள்ளைகளுக்குக் கொடுத்து அன்றே காலி செய்யுங்கள். சில்லென்று இல்லையென்றால் கொட்டிவிடுங்கள்.

தொட்டுக்கொள்ள பன் பட்டர் ஜாம்தான் முதல் இடம், அதில் எனக்கு மாற்றுக் கருத்தே இல்லை. கெட்டித் தயிரில் ஒரு கரண்டி, குளிர்ந்த பாலில் ஒரு கரண்டி, ஆறிய இடியாப்பத்தின் மேல் ஒரு கரண்டி எல்லாமே நன்றாக இருக்கும். சூடான தோசையில் தடவினால் உருகி வழியும், பிள்ளைகளுக்கு அதுவும் பிடிக்கிறது.

இதையே செய்து விற்கலாமா என்று அடுத்து கேட்பீர்கள், ஏனென்றால் எல்லோரும் கேட்கிறார்கள். வீட்டில் செய்து விற்பதற்கும் உணவுப் பாதுகாப்பு ஆணையமான எஃப்.எஸ்.எஸ்.ஏ.ஐ. பதிவு வேண்டும். சர்க்கரை குறைவாக உள்ள இதை ஜாம் என்று லேபிள் ஒட்ட முடியாது, காரணம் அந்த 65 சதவீதம். பழச்சுவைக்காக நாம் விட்டுக்கொடுத்ததே அந்தச் சர்க்கரைதானே. அதைவிடப் பெரிய சிக்கல் வழியில் இருக்கிறது. வாங்கியவர் அதைப் பையில் போட்டுக்கொண்டு வண்ணாரப்பேட்டை எம்.சி. ரோட்டில் இரண்டு மணி நேரம் துணி பார்த்துவிட்டு வீட்டுக்குப் போவார். குளிர்பெட்டியில் வைத்து வீட்டு வாசலில் கொண்டுபோய்க் கொடுக்க உங்களால் முடியும் என்றால் யோசியுங்கள். முடியாது என்றால் விற்பனைக்குக் காய்ச்சிய ஜாமே செய்யுங்கள்.