மேல்முறையீடு முடிவதற்குள் தகராறு தீர்ந்துவிட்டால்?

மேல்முறையீடு நிலுவையில் இருக்கும்போதே பிரச்சினை தீர்ந்துபோனால் நீதிமன்றம் தீர்ப்புச் சொல்லுமா என்று கேட்டிருக்கிறீர்கள். அமெரிக்கக் கூட்டாட்சி நீதிமன்றங்கள் பொதுவாகச் சொல்லாது. தீராத தகராறைத்தான் அவை விசாரிக்கலாம். அரசியல் சாசனமே வைத்த வரம்பு அது.

1974-இல் முடிந்த டீஃபூனிஸ் வழக்கைப் பாருங்கள். வாஷிங்டன் பல்கலைக்கழகச் சட்டக் கல்லூரியில் இடம் கிடைக்காத மாணவர், விசாரணை நீதிமன்ற உத்தரவால் சேர்ந்து படித்தார். வழக்கு உச்ச நீதிமன்றத்துக்கு வந்து முடிவதற்குள் மூன்றாம் ஆண்டும் முடியப்போகிறது. தீர்ப்பு எப்படி வந்தாலும் அவர் படிப்பை முடிக்கலாம் என்று பல்கலைக்கழகமே சொல்லிவிட்டது. 5-க்கு 4 என்ற கணக்கில், இனித் தீர்க்க ஒன்றுமில்லை என்று நீதிபதிகள் விட்டுவிட்டார்கள். மாணவர் சேர்க்கையில் இனத்தைக் கணக்கில் எடுக்கலாமா என்று நாடே காத்திருந்த கேள்வி அப்படியே நின்றது. எனக்கு இதில் இன்னும் வருத்தம்தான்.

விதிவிலக்கும் உண்டு. கர்ப்பம் எந்த மேல்முறையீட்டுக்கும் காத்திருக்காது. அதனால்தான் 1973-இல் கருக்கலைப்பு பற்றிய ரோ வழக்கில், மறுபடி மறுபடி வரக்கூடிய, ஆனால் விசாரணை முடிவதற்குள் தீர்ந்துபோகிற பிரச்சினை என்று சொல்லித் தீர்ப்பளித்தார்கள்.

பலர் கவனிக்காதது கீழ் நீதிமன்றம் தந்த தீர்ப்பின் கதி. தோற்றவர் தன் தவறின்றி மேல்முறையீட்டு வாய்ப்பை இழந்தால், அந்தத் தீர்ப்பை வழக்கமாக நீக்கிவிடுவார்கள். அவரே சமரசம் செய்துகொண்டிருந்தால், 1994 முதல், அந்தச் சலுகை பெரும்பாலும் கிடைக்காது.