நூடுல்ஸ் முட்டைக்கோஸ் சாலட் மொறுமொறுப்பாக இருக்க என்ன செய்வது?

ஆசிய பாணி நூடுல்ஸ் சாலட் செய்தால் பத்து நிமிடத்தில் நமுத்துவிடுகிறது என்று கேட்டிருக்கிறீர்கள். தண்ணீர்தான் காரணம். முட்டைக்கோஸில் பத்தில் ஒன்பது பங்கு தண்ணீர். உப்பு பட்டதும் வெளியே வந்துவிடும். மெலிதாக நறுக்கி, கழுவி, துணியில் ஒற்றி ஈரம் போக்கி ஃபிரிட்ஜில் வையுங்கள்.

நூடுல்ஸை வேகவைக்க வேண்டாம். இன்ஸ்டன்ட் நூடுல்ஸ் பெரும்பாலும் ஏற்கெனவே எண்ணெயில் பொரித்ததுதான். பாக்கெட்டோடு நொறுக்கி, மசாலாவை எடுத்துவிட்டு, ஒரு ஸ்பூன் எண்ணெயில் சிறு தீயில் பொன்னிறமாக வறுங்கள். கடைசியில் எள்ளும் வேர்க்கடலையும். முழுக்க ஆறிய பிறகே டப்பாவில் மூட வேண்டும், இல்லையென்றால் உள்ளே வேர்த்துவிடும்.

சாஸுக்கு 2 ஸ்பூன் வினிகர், தலா 1 ஸ்பூன் சோயா சாஸ், சர்க்கரை, 3 ஸ்பூன் எண்ணெய். சீன, கொரிய சமையலில் வறுத்த எள்ளின் எண்ணெய் ஊற்றுவார்கள். நம் நல்லெண்ணெயில் அந்த வாசம் வராது. வறுத்த எள்ளைக் கொஞ்சம் பொடித்துப் போட்டால் ஓரளவு ஈடுகட்டும்.

எப்போது கலப்பது? சென்னை பர்மா பஜார் பக்கம், அத்தோ என்ற பர்மிய நூடுல்ஸ் சாலட் விற்கும் கடையில் நின்று பாருங்கள். கோஸ், வெங்காயம், நூடுல்ஸ், பூண்டெண்ணெய், புளித்தண்ணீர் எல்லாம் தனித்தனியாக இருக்கும். நாம் கேட்ட பிறகுதான் கையால் பிசைவார்கள். பேஜோ என்ற, தட்டை போன்ற மொறுமொறு பண்டத்தையும் அப்போதுதான் நொறுக்கிப் போடுவார்கள். வீட்டிலும் அப்படியே, தட்டு வைத்த பிறகு கலக்குங்கள். எனக்கென்னவோ வினிகரை விடப் புளித்தண்ணீரும் எலுமிச்சையும்தான் இதற்குப் பொருத்தம்.