ஜிங்கைட் பத்தி கேளுங்க, தெரிஞ்சதைச் சொல்றேன்

கேள்வி: அண்ணா, இதை முதல்ல கண்டுபிடிச்சது யாரு?

பதில்: அமெரிக்கால நியூஜெர்சி, ஃப்ராங்க்ளின் பக்கம் கிடைச்ச சிவப்புத் தாது. ஆர்ச்சிபால்ட் ப்ரூஸ்னு ஒரு நியூயார்க் டாக்டர் அதைப் பிரிச்சுப் பார்த்து, துத்தநாக (ஜிங்க்) ஆக்சைடுன்னு 1810ல அவரே நடத்தின கனிமவியல் பத்திரிகையிலயே எழுதினாரு. வைத்தியம் பார்க்கிற மனுஷன் கல்லுக்குன்னு தனிப் பத்திரிகை நடத்தியிருக்காரு பாருங்க! ஜிங்கைட்ங்கிற பேரு 1845ல ஹைடிங்கர்னு ஒரு கனிமவியலாளர் வெச்சது. சுத்தமான ஜிங்க் ஆக்சைடு வெள்ளைப் பவுடர்தான், இந்தச் சிவப்பு பெரும்பாலும் மாங்கனீஸால வர்றது.

கேள்வி: யூவி லைட்ல மின்னுமா சார்?

பதில்: அது மின்னாது, பக்கத்துல இருக்கிறதுதான் மின்னும். ஷார்ட்வேவ் யூவி அடிச்சா, கூடவே கிடைக்கிற கனிமங்கள்ல வில்லமைட் பச்சையா, கால்சைட் ஆரஞ்சு சிவப்பா எரியும், நடுவுல ஜிங்கைட்டும் ஃப்ராங்க்ளினைட்ங்கிற இன்னொரு கனிமமும் கருப்புப் பொட்டா நிக்கும். கண்ணாடி போடாம அந்த லைட்டைப் பார்க்காதீங்க, கண்ணு போயிடும்.

கேள்வி: ஆன்லைன்ல கண்ணாடி மாதிரி ஆரஞ்சு கிரிஸ்டல் வாங்கினேன், ஒரிஜினலா?

பதில்: போலந்துல ஜிங்க் ஆக்சைடு தயாரிக்கிற சூளையில ஆவி படிஞ்சு தானா வளர்ந்ததா இருக்கும், அதை மினரல்னு சொல்ல முடியாது. சுரங்கத்துல வர்றது பெரும்பாலும் கால்சைட்டுக்குள்ள உருண்டை உருண்டையா பதிஞ்ச சிவப்பு மணிதான்.

கேள்வி: என்கிட்ட மஞ்சள்ல நீளமா ஒண்ணு இருக்கு, அது?

பதில்: மேல இருக்கிற பதில்தான்.

கேள்வி: பச்சைக் கலர்ல...

பதில்: சூளை.

கேள்வி: மோதிரத்துல பதிக்கலாமா?

பதில்: மோஸ் அளவுல (1லருந்து 10 வரை) கடினம் 4தான், கத்தியே கீறிடும். வேண்டாம்.

கேள்வி: சூளையில வந்தாலும் அதே கெமிஸ்ட்ரி, அதே அமைப்பு. அப்புறம் எப்படி மினரல் இல்லங்கிறீங்க? கிரீஸ்ல பழைய உலைக் கசடுல கடல்தண்ணி பட்டு வந்த லாரியோனைட் மட்டும் மினரலா?

பதில்: வாங்க, இதுக்குத்தான் காத்திருந்தேன். லாரியோனைட் 1887லயே மினரல் பட்டியல்ல ஏறிடுச்சு. அந்த மாதிரி கசடுல வர்றதைப் புது மினரலா ஏத்துக்க வேண்டாம்னு சர்வதேசக் கனிமவியல் சங்கம் முடிவு பண்ணினது 1990கள்ல, ஏற்கெனவே ஏறினதை இறக்கல. முரண்தான், ஒத்துக்கிறேன். ஆனா அங்க ரியாக்‌ஷனை நடத்தினது கடல், இங்க தீ மூட்டினதே மனுஷன், ரெண்டையும் ஒரே தட்டுல வைக்காதீங்க. சூளைக் கல்லை நான் போலின்னு சொல்லவே இல்ல, அழகான கிரிஸ்டல், நானே வெச்சிருக்கேன். லேபிள்ல 'இயற்கை'ன்னு போட்டு விக்கிறான் பாருங்க, அதுதான் திருட்டுத்தனம்.

கேள்வி: அழுக்குப் போக ஆசிட்ல ஊற வைக்கலாமா?

பதில்: ஐயோ வேண்டாம்! கால்சைட் நுரைச்சுப் போகும், ஜிங்கைட்டும் கூடவே கரையும். தண்ணி, மெத்துன்னு ஒரு பிரஷ், போதும்.

கேள்வி: வினிகர்?

பதில்: அதுவும் ஆசிட்தாங்க.