வட தாய்லாந்து மலைக்கிராமங்களில் தங்கி நடக்க: உங்கள் கேள்விகளும் என் பதில்களும்

நான் சியாங் மாயில் வசிக்கிறேன். இங்கிருந்து காட்டுவழியே நடந்துபோய், கரேன், லாஹு என்ற மலைவாழ் மக்களின் கிராமங்களில் இரவு தங்கித் திரும்பும் பயணங்களுக்குத் தமிழ்க் குழுக்களை அழைத்துப் போகிறேன். வரப்போகிறவர்கள் அனுப்பிய கேள்விகளுக்கு இங்கே பதில் சொல்லியிருக்கிறேன்.

மதுரையிலிருந்து: வெள்ளியங்கிரி ஏறியிருக்கிறேன். வேறு மலை அனுபவம் இல்லை. மூன்று பகல், இரண்டு இரவு என்றால் உடம்பு தாங்குமா மேடம்?

தாங்கும். ஏழு மலையையும் ஒரே மூச்சில் ஏறி இறங்கிய கால்களுக்கு இங்குள்ள ஏற்றம் பெரிதல்ல. வழக்கமான பயணத்தில் ஒரு நாளைக்கு மூன்று முதல் ஆறு மணி நேரம் நடை இருக்கும். சிரமம் இறக்கத்தில்தான். படிகள் கிடையாது, செம்மண் ஒற்றையடிப் பாதைதான். காய்ந்திருந்தால் பொடி சறுக்கும், நனைந்திருந்தால் கால் நிற்காது. முதல் நாள் வலித்த தொடையோடு மறுநாள் காலையும் கிளம்பியாக வேண்டும். அதனால் ஒரு மாதம் முன்பிருந்தே ஐந்து கிலோ பையை மாட்டிக்கொண்டு மாடிப்படி ஏறி இறங்குங்கள். வழிகாட்டி மூங்கில் கம்பு வெட்டித் தந்தால் வாங்கிக்கொள்ளுங்கள்.

பெங்களூரிலிருந்து: எங்களுக்கு ஏப்ரலில்தான் லீவு கிடைக்கும். வரலாமா?

வேண்டாம். பிப்ரவரி பாதி தாண்டியதும் இந்த மலைகளில் புகை தொடங்கிவிடும். மார்ச், ஏப்ரலில் சியாங் மாய் நகரத்திலிருந்து டோய் சுதேப் மலையே கண்ணுக்குத் தெரியாத நாட்கள் உண்டு. உலகிலேயே காற்று மோசமான ஊர்களின் வரிசையில் இந்த ஊர் முன்னால் நிற்கிற நாட்கள் அவை. அந்தக் காற்றில் மேடு ஏறுவது நுரையீரலுக்குச் செய்கிற கெடுதல்.

இதில் ஒன்றைச் சொல்லியாக வேண்டும். "மலைவாழ் மக்கள் காட்டைக் கொளுத்துகிறார்கள், அதுதான் காரணம்" என்று உங்களிடம் பலர் சொல்வார்கள். கரேன் மக்களின் சுழற்சி வேளாண்மையில் ஒரு துண்டு நிலத்தை ஓராண்டு பயிரிட்டுவிட்டு, பல ஆண்டுகள் அப்படியே காடாக வளர விடுவார்கள். எரிக்கும்போதும் சுற்றிலும் தீத்தடுப்புப் பாதை வெட்டி, ஊரே கூடி நின்று, சில மணி நேரத்தில் முடித்துவிடுவார்கள். கால்நடைத் தீவனத்துக்கான மக்காச்சோளம், காட்டுத்தீ, எல்லைக்கு அப்பாலிருந்து வரும் புகை எல்லாம் சேர்ந்ததுதான் இந்தப் பிரச்சினை. பழி மட்டும் எளியவர் தலையில் விழுகிறது.

நவம்பர் முதல் பிப்ரவரி முதல் வாரம் வரை நல்ல காலம். நவம்பரில் காடு இன்னும் பச்சையாக இருக்கும், ஓடைகளில் தண்ணீர் ஓடும், மலைச்சரிவு வயல்களில் நெல் அறுப்பு நடக்கும். என்னைக் கேட்டால் நவம்பர்தான். ஜூன் முதல் அக்டோபர் வரை மழை. நடக்க முடியும், ஆனால் அட்டையும் வழுக்கலும் சேர்ந்து வரும். தேசியப் பூங்காக்களில் சில பாதைகளை அப்போது மூடிவிடுவார்கள். டோய் இந்தனோனில் கியூ மே பான் பாதை அப்படித்தான்.

கோவையிலிருந்து: மே வாங், மே தெங், டோய் இந்தனோன், மே ஹோங் சோன், சியாங் ராய் என்று ஏகப்பட்ட பெயர்கள். எதைத் தேர்ந்தெடுப்பது?

மே வாங்கும் மே தெங்கும் சியாங் மாய்க்குப் பக்கம். நகரத்து ஏஜென்சிகள் விற்கும் பயணங்களில் பெரும்பாலானவை இங்கேதான். மூங்கில் தெப்பம், அருவி, யானை என்று எல்லாவற்றையும் கட்டித் தருவார்கள். கூட்டமும் அதிகம். முதல்முறை வருகிறவருக்கு, நேரம் குறைவு என்றால், இது தவறில்லை.

காடும் ஊரும் இரண்டும் வேண்டும் என்றால் டோய் இந்தனோன் அடிவாரத்துக் கரேன் கிராமங்களைச் சொல்வேன். 2,565 மீட்டர் உயரமுள்ள அந்தச் சிகரம் தாய்லாந்தின் உச்சி. அதன் சரிவில் மே கிளாங் லுவாங் என்ற ஊர் இருக்கிறது. படிப்படியாக இறங்கும் நெல் வயல், காப்பித் தோட்டம், ஊராரே நடத்தும் தங்குமிடங்கள். பக்கத்தில் உள்ள பா தோக் சியோ அருவிப் பாதையில் அந்த ஊர்க்காரர் ஒருவர் வழிகாட்டியாக வராமல் நீங்கள் நடக்க முடியாது. ஊருக்கு வருமானம் போய்ச்சேர இதைவிட நேரான ஏற்பாடு இல்லை.

ஒரு வாரம் கையில் இருந்தால் மே ஹோங் சோன் போங்கள். கிராமங்களுக்கு இடையே தூரம் அதிகம், பயணிகள் குறைவு. அங்குள்ள ஹுவாய் ஹீ என்ற கரேன் கிராமம், ஊரே சேர்ந்து நடத்தும் சுற்றுலாவில் பெயர் வாங்கியது. ஆக்கா மக்களின் ஊர்களைப் பார்க்க விரும்பினால் சியாங் ராய் பக்கம் போக வேண்டும்.

சென்னையிலிருந்து: நகரத்தில் தெருவுக்குத் தெரு டிரெக்கிங் விளம்பரம். ஏமாறாமல் ஒருவரைப் பிடிப்பது எப்படி?

விலையை வைத்து முடிவு செய்யாதீர்கள். மலிவான பயணத்தில் எங்கேயோ வெட்டியிருப்பார்கள், அது பெரும்பாலும் கிராமத்துக்குப் போக வேண்டிய பணம்தான். நேரில் போய் உட்கார்ந்து இதையெல்லாம் கேளுங்கள். எந்த ஊரில் தங்குகிறோம், ஊரின் பெயர் என்ன? ஒரு குடும்பத்தின் வீட்டிலா, அல்லது பயணிகளுக்கென்று ஊருக்கு வெளியே கட்டிய குடிசையிலா? அந்தக் குடும்பத்துக்கு ஒரு இரவுக்கு எவ்வளவு கொடுக்கிறீர்கள்? குழுவில் எத்தனை பேர்? ஊரின் பெயரைச் சொல்லத் தடுமாறுகிறவர் என்றால் எழுந்து வந்துவிடுங்கள். எட்டுப் பேருக்கு மேல் போனால் அது ஊர்வலம், அதையும் விட்டுவிடுங்கள்.

அப்புறம், வழிகாட்டி யார் என்று கேளுங்கள். அரசு உரிமம் பெற்ற வழிகாட்டி ஒருவர் இருக்க வேண்டும், அட்டையைக் காட்டச் சொல்லலாம். அந்த உரிமம் தாய்லாந்துக் குடியுரிமை உள்ளவர்களுக்கு மட்டுமே. இந்த மலைகளிலேயே பிறந்து வளர்ந்தும் குடியுரிமை இல்லாதவர்கள் நிறைய. காட்டின் ஒவ்வொரு மரத்தையும் அறிந்த மனிதர் இதனால் "உதவியாள்" என்ற பெயரில் குறைந்த கூலிக்குச் சாமான் சுமந்து வருவார். ஏறத்தாழ 4.8 லட்சம் பேருக்கு நிரந்தரக் குடியிருப்பு அல்லது குடியுரிமை கிடைப்பதை விரைவுபடுத்த 2024 அக்டோபரில் தாய் அமைச்சரவை ஒப்புதல் கொடுத்தது. அது மலைக்கிராமம் வரை வந்து சேர வேண்டும் என்பது என் ஆசை. உங்கள் குழுவில் உரிமம் பெற்றவரோடு அந்த ஊர்க்காரர் ஒருவரும் வருகிறாரா, அவருக்குத் தனியாகக் கூலி உண்டா என்று கேட்டு உறுதி செய்யுங்கள். பயணம் முடிந்ததும் அன்பளிப்பு கொடுப்பதானால் அவர் கையிலும் கொடுங்கள்.

திருச்சியிலிருந்து: இரவு தங்குவது எப்படி இருக்கும்? பெண்களுக்குக் குளிக்க, கழிப்பறைக்கு வசதி உண்டா?

கரேன் வீடு தூண்கள்மேல் நிற்கும் மூங்கில் அல்லது மரவீடு. கீழே பன்றியும் கோழியும். உள்ளே அடுப்பு, அதைச் சுற்றித்தான் சமையல், பேச்சு, குளிர்காய்தல் எல்லாம். தரையில் பாய், மெல்லிய மெத்தை, கொசுவலை, கம்பளி கொடுப்பார்கள். டிசம்பர், ஜனவரியில் உயரமான ஊர்களில் இரவு பத்து டிகிரிக்குக் கீழே இறங்கும். மூங்கில் சுவரின் இடுக்கில் காற்று வரும். தாய்லாந்து என்றால் வெயில் என்று நினைத்து வருகிறவர்கள் விடிய விடிய நடுங்குவார்கள். ஸ்வெட்டரும் குல்லாவும் கட்டாயம். விடிவதற்கு வெகு முன்பே சேவல் கூவத் தொடங்கும், தூக்கம் லேசானவர்கள் காதுக்குப் பஞ்சு கொண்டுவாருங்கள்.

கழிப்பறை நம் ஊர் மாதிரி குந்தி உட்காரும் வகை, வாளியும் குவளையும் இருக்கும். தமிழர்களுக்கு இது பிரச்சினையே இல்லை. குளிப்பது குழாயடியில் அல்லது ஓடையில். ஆற்றங்கரையில் பாவாடையை மார்புவரை ஏற்றிக் கட்டிக் குளிக்கும் நம் பழக்கம் அப்படியே இங்கேயும் உண்டு, ஒரு பாவாடையோ கைலியோ எடுத்து வாருங்கள். மாதவிலக்கு நாட்கள் என்றால் உபயோகித்த நாப்கினைக் காட்டிலோ ஊரிலோ போடாமல் இறுக மூடும் பையில் வைத்து நகரத்துக்குத் திருப்பிக் கொண்டுவந்துவிடுங்கள். ஊரில் குப்பை வண்டி வராது.

சேலத்திலிருந்து: நாங்கள் சைவம். முட்டையும் கிடையாது. சாப்பாடு கிடைக்குமா?

கிடைக்கும், முன்கூட்டியே சொன்னால். "ஜே" என்ற சொல்லைப் பிடித்துக்கொள்ளுங்கள். இறைச்சி, மீன், முட்டை மூன்றும் கூடாது என்பதை தாய்க்காரர்கள் அதிலேயே புரிந்துகொள்வார்கள். ஆனால் பூண்டு, வெங்காயமும் அதில் போய்விடும். மீன் சாறு, நண்டுக் கூழ் போன்றவைதான் கண்ணுக்குத் தெரியாமல் கலந்துவிடும், அதைத் தனியாகச் சொல்லுங்கள். மலைநெல் சோறு, பூசணி, காட்டுக்கீரை, வாழைப்பூ, மூங்கில் குருத்து எல்லாம் கிடைக்கும். எங்கள் குழுவில் ஊறுகாயும் பருப்புப்பொடியும் யாராவது கொண்டுவருவார்கள், அதை அந்த வீட்டுக்காரர்களுக்கும் கொடுத்துச் சாப்பிடுங்கள். காரம் அவர்களுக்குப் பிடிக்கும்.

புதுச்சேரியிலிருந்து: கழுத்தில் வளையம் அணிந்த பெண்களின் கிராமத்தையும் சேர்த்துப் பார்க்கலாமா?

இந்தக் கேள்வி எல்லாக் குழுவிலும் வரும். அவர்கள் கயான் மக்கள். பர்மாவின் காயா மாநிலத்தில் நடந்த சண்டைக்குத் தப்பி 1980-களிலிருந்து எல்லை தாண்டி வந்தவர்கள். வளையம் கழுத்தை நீட்டுவதில்லை. அதன் கனம் தோள் எலும்பைக் கீழே அழுத்துகிறது, கழுத்து நீண்டதாகத் தெரிகிறது. பயணிகள் பார்ப்பதற்கென்றே சில ஊர்களை அமைத்து, நுழைவுக் கட்டணம் வசூலிக்கிறார்கள். 2008-இல் நியூசிலாந்தும் பின்லாந்தும் ஏற்றுக்கொள்ளத் தயாராக இருந்த கயான் குடும்பங்களுக்கு, இங்கிருந்து வெளியேற அனுமதி கிடைக்கவில்லை என்று ஐ.நா. அகதிகள் அமைப்பே வெளிப்படையாகக் குறை சொன்னது.

நகரத்துக்குப் பக்கத்தில் பல இனத்தவரை ஒரே வளாகத்தில் உட்காரவைத்துக் காட்டும் இடங்களுக்கு நான் யாரையும் அழைத்துப் போவதில்லை. கயான் மக்களைச் சந்திக்க விரும்பினால் மே ஹோங் சோனில் பாய் ஆற்றைப் படகில் கடந்து ஹுவாய் பு கெங் போங்கள். அங்கே அவர்களே வீட்டில் தங்கவைக்கிறார்கள், கைவேலை கற்றுத் தருகிறார்கள். ஒரு இரவு இருந்து பேசிவிட்டு வாருங்கள்.

அதே நண்பர்: யானை சவாரி?

வேண்டாம். 1989-இல் அரசு மரவெட்டைத் தடை செய்ததும் காட்டில் மரம் இழுத்த யானைகளும் பாகன்களும் பிழைப்பைத் தேடிச் சுற்றுலாவுக்கு வந்தார்கள். அந்தப் பாகன்களில் கரேன் மக்கள் அதிகம், அவர்கள்மேல் எனக்குக் கோபமில்லை. யானையைப் பார்க்கலாம், தீனி போடலாம், முதுகில் ஏற வேண்டாம்.

ஈரோட்டிலிருந்து: அட்டை, மலேரியா, பாம்பு?

அட்டை மழைக்காலத்தில் மட்டும். நீளமான சாக்ஸுக்குள் பேன்ட்டைச் செருகுங்கள், உப்பு கொஞ்சம் துணியில் முடிந்து வைத்திருங்கள். மலேரியா பர்மா எல்லையோரக் காடுகளில் உண்டு, வழக்கமான சியாங் மாய் பாதைகளில் பயம் மிகக் குறைவு. எல்லைப்பக்கம் போகிறவர்கள் கிளம்பும் முன் மருத்துவரைப் பாருங்கள். டெங்கு எங்கும் உண்டு, கொசு எண்ணெய் பகலிலும் பூசுங்கள். மழைக்காலத்தில் காலில் புண்ணோடு சேற்றில் இறங்காதீர்கள், எலிக்காய்ச்சல் அப்படித்தான் பிடிக்கும். பாம்பைவிட ஊர் நாய்களிடம் கவனமாக இருங்கள். கடித்தால் உடனே சோப்புப் போட்டு ஓடும் தண்ணீரில் கால் மணி நேரம் கழுவிவிட்டு, அன்றைக்கே மருத்துவமனை போய் ஊசி போட வேண்டும். "பயணம் முடியட்டும்" என்று தள்ளிப்போடக்கூடாது.

தஞ்சாவூரிலிருந்து: ஊருக்குள் செய்யக்கூடாதவை என்ன? பிள்ளைகளுக்குச் சாக்லேட் வாங்கி வரலாமா?

சாக்லேட் வேண்டாம். பல் மருத்துவர் இல்லாத ஊர் அது. பயணிகளிடம் கையேந்தும் பழக்கமும் இப்படித்தான் தொடங்குகிறது. பள்ளிக்கு ஏதாவது தர ஆசையா, ஆசிரியரிடம் கொடுங்கள். அதைவிட, பாட்டி இடுப்பில் வார் கட்டித் தறியில் நெய்யும் துணியை அவரிடமே விலைக்கு வாங்குங்கள், பேரம் பேசாமல்.

படம் எடுக்கும் முன் கேளுங்கள். தோளும் முழங்காலும் மூடிய உடை போடுங்கள். அடுப்புக்கு நேரே கால் நீட்டாதீர்கள். ஆக்கா ஊர்களின் நுழைவில் மரத்தால் ஒரு வாயில் இருக்கும், அது ஆவிகளைத் தடுப்பதற்கானது, தொடவே கூடாது. பாதையிலோ வீட்டு வாசலிலோ மூங்கில் சீவலால் நட்சத்திரம் போல் பின்னிய தட்டி தொங்கினால், உள்ளே சடங்கு நடக்கிறது, வராதே என்று அர்த்தம். கரேன் கிராமங்கள் பலவற்றில் தேவாலயம் உண்டு, ஞாயிற்றுக்கிழமை ஊர் வேலை செய்யாது. அன்றைக்கு நடைப்பயணம் வைத்துச் சுமை தூக்க ஆள் கேட்காதீர்கள்.

பெயர் வேண்டாம் என்றவர்: அபினி கிடைக்குமாமே?

கேட்கவே கேட்காதீர்கள். தாய்லாந்து 1959-லேயே அதைத் தடை செய்துவிட்டது. 1969-இல் மன்னர் தொடங்கிய அரச திட்டத்தின் வழியே, அபினிச் செடி விளைந்த சரிவுகளில் காப்பி, காய்கறி, பழம் என்று வந்துவிட்டன. நீங்கள் பிடிபட்டால் சிறை. கொடுத்த வீட்டுக்காரருக்கு உங்களைவிடப் பெரிய கேடு.

நாகர்கோவிலிலிருந்து: ஒன்பது வயது மகனை அழைத்து வரலாமா? அவசரம் என்றால் யாரைக் கூப்பிடுவது?

அழைத்து வாருங்கள், ஆனால் ஒரு இரவுப் பயணமாக, ஒரு நாளுக்கு மூன்று மணி நேரத்துக்கு மிகாமல். ஊர்ப் பிள்ளைகளோடு பந்து விளையாடினால் அவனுக்கு மொழியே தேவைப்படாது. சுற்றுலாப் போலீஸ் எண் 1155, ஆம்புலன்ஸ் 1669. மலைக்குள் பல இடங்களில் சிக்னல் இருக்காது, அதனால் காலையில் கிளம்பும்போதே அன்றிரவு தங்கும் ஊரின் பெயரைத் தாய்லாந்து எழுத்தில் ஒரு தாளில் எழுதி வாங்கி, அதைப் படமெடுத்து நம் ஊரில் இருக்கும் வீட்டாருக்கு அனுப்பிவிடுங்கள். பயணக் காப்பீட்டில் மலைநடை சேர்ந்திருக்கிறதா என்றும் பாருங்கள், சிலவற்றில் இருக்காது.